வெட்டுப்படாத ஆடு

நிகந்தர் பாவ்லோவிச் முப்பது வருஷமாகச் சோவியத் சினிமாவுக்குத் திரைக்கதை எழுதுகிறவர். இருபத்திரண்டு கதைகளில் இருபத்திரண்டு நாய்களை எழுதியிருக்கிறார். ஒரு நாய்கூடத் திரைக்கு வந்ததில்லை. வரக் கூடாது என்றுதான் எழுதுவார்.

கதை முதலில் தணிக்கைக் கமிட்டிக்குப் போக வேண்டும். எதையாவது வெட்டாவிட்டால் கமிட்டிக்காரர்களுக்குச் சோறு இறங்காது. அதற்காகவே சம்பந்தமில்லாமல் ஒரு நாயை ஓடவிடுவார். அவர்கள் நாயை வெட்டிவிட்டுத் திருப்தியாகக் கையெழுத்துப் போடுவார்கள். மிச்சக் கதை பிழைத்துக்கொள்ளும்.

இந்த வித்தையை அவரிடம் கற்றவள் லிதியா. ரயில்வேயில் தந்தி அடித்துக்கொண்டிருந்துவிட்டு நாற்பது வயதில் எழுத வந்தவள். ஒரு மத்தியானம் ஸ்டூடியோ கேன்டீனுக்கு வந்து, கதைக்கட்டை அவர் முன்னால் தொப்பென்று போட்டாள்.

"நீங்க சொன்னபடிதானே செஞ்சேன், நிகந்தர் பாவ்லோவிச்! நாய்க்குப் பதிலா ஒரு ஆட்டை விட்டேன். ஆட்டை வெச்சுக்கிட்டு அம்மாவை வெட்டிட்டாங்க, பாவிங்க! ஆடு அருமை, இன்னும் ரெண்டு காட்சி சேர்க்கவும்னு குறிப்பு வேற!"

"உட்காரு. முதல்ல டீயைக் குடி."

வெட்டுப்பட்டது ஒரே காட்சிதான். ஆனால் அது அவள் வீட்டுக் கதை. அப்பாவை ஒருநாள் கைதுசெய்து ரயிலில் ஏற்றிக் கொண்டுபோனார்கள். ஏன், எங்கே என்று யாரும் சொல்லவில்லை. அம்மா பதினோரு வருஷம் தினமும் ரயிலடிக்குப் போய் நின்றாள். அப்பா வரவேயில்லை. அம்மாவுக்கு இப்போது எழுபத்தெட்டு வயது. உன் காத்திருப்பைத் திரையில் காட்டுகிறேன் என்று லிதியா அவளுக்கு வாக்குக் கொடுத்திருந்தாள்.

நிகந்தர் ஆடு வரும் பக்கங்களை மட்டும் தேடிப் படித்தார். சிரித்துச் சிரித்து டீயைச் சட்டையில் கொட்டிக்கொண்டார்.

"அடிப்பாவி! சோப்பைத் தின்னுது, கூட்டுப்பண்ணைத் தலைவர் தொப்பியைத் தின்னுது. எனக்கே இதை வெட்ட மனசு வராதே!"

"வெட்டுறதுக்குன்னு ஒரு உயிரை அரைகுறையா எழுத எனக்கு வரலை."

"எனக்கு வந்துச்சு. இருபத்திரண்டு தடவை," என்றார் நிகந்தர்.

சிரிப்பு நின்றுவிட்டது. ஆனால் அவளைப் பார்க்கப் பார்க்க அவருக்குப் பெருமையாக இருந்தது. அதை மறைக்கவும் அவருக்குத் தெரியவில்லை.

லிதியாவுக்குக் கண் கலங்கியது. "அம்மாகிட்ட நான் என்னன்னு சொல்வேன்?"

அவர் சட்டைப்பையிலிருந்து பென்சிலை எடுத்து அவள் பக்கம் உருட்டினார்.

"இந்த ஆடு யாரோடது?"

"கதையில அப்பா வளர்த்தது. குட்டியிலேருந்து."

"யார் கையால தின்னும்?"

"அவர் கையால மட்டும்தான்."

"இன்னும் ரெண்டு காட்சி கேட்டிருக்காங்கல்ல?"

"ஆமா."

"அப்போ எழுதும்மா. சாயங்கால ரயில் வந்தாச்சு. எல்லாரும் இறங்கி வீட்டுக்குப் போயாச்சு. ரயிலடியில நிக்கிற ஆடு மட்டும் போகலை."