குவியலுக்குள் மணியக்காரர்

மருதப்பிள்ளை பெரிய புத்திசாலி என்று ஊரே சொல்கிறது. சொல்லட்டும். அந்தப் புத்திக்கு அடியில் உட்கார்ந்தவன் நான். அதனால் இந்தக் கதையை நான் சொல்வதுதான் நியாயம்.

கூதல்மலை நாட்டில் அரண்மனைப் பேரிக்காய்த் தோட்டத்துக்கு நான் மணியக்காரன். எழுத்து அவ்வளவாக வராது. குரல் நன்றாக வரும்.

எங்கள் ராஜா சித்திரசேனருக்கும் கணக்கு வேண்டாம், கோடு போதும். ஒவ்வொரு ஆண்டும் பறித்த பேரிக்காயை முற்றத்துச் சுவரோரம் குவிப்போம். உச்சிக்கு நேராகச் சுவரில் காவிக்கோடு போடுவார். பழைய கோட்டைவிட அது மேலே இருந்தால் நாட்டில் விளைச்சல் பெருகிவிட்டது என்று முரசு கொட்டுவார்கள். ஆண்டுதோறும் கோடு ஏறியது. காய் அடிபடாமல் இருக்க அடியில் வைக்கோல் பரப்புவது வழக்கம். காய் குறைந்த ஆண்டுகளில் வைக்கோல் கொஞ்சம் தாராளமாக விழும். யாரும் கிளறிப் பார்த்ததில்லை.

அந்த ஆண்டு ஆலங்கட்டி மழை பூவையெல்லாம் உதிர்த்துவிட்டது. வைக்கோலையும் மாடுகள் தின்று தீர்த்திருந்தன.

"கோடு ஏறாவிட்டால் மரங்களை வெட்டி விறகாக்குங்கள்" என்றார் ராஜா. "மரமில்லாத தோட்டத்துக்கு மணியக்காரரும் வேண்டாம்."

மருதப்பிள்ளையிடம் ஓடினேன். சபையில் ராஜாவைச் சிரிக்கவைப்பதுதான் அவர் உத்தியோகம். என் தொப்பையைப் பற்றிப் பேசியே அவர் வாங்கிய சால்வைகளை நான் மறக்கவில்லை. இருந்தாலும் ஓடினேன்.

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"அண்ணாச்சி, சம்மணம் போட்டு உட்கார்ந்தால் நீங்கள் நாலு கட்டு வைக்கோலுக்குச் சமம்."

"என்ன பேச்சு இது?"

"நீங்கள் உள்ளே, காய் வெளியே, கோடு மேலே. வாயை மட்டும் மூடிக்கொண்டிருங்கள். மரங்களுக்கு நான் பொறுப்பு."

மூச்சு முட்டாமல் இருக்கத் தலையில் ஒரு கூடையைக் கவிழ்த்துக்கொண்டு உட்கார்ந்தேன். மேலே காயைக் கொட்டினார்கள். கொட்டியவர்கள் சிரித்தார்கள். யார் யார் என்று நினைவில் வைத்திருக்கிறேன்.

ராஜா வந்தார். "அடடா, ஏறிவிட்டதே! மணியக்காரர் எங்கே? தங்கக் காப்பு போட வேண்டும்!"

காப்பு என்றதும் கை நீளப் பார்த்தது. அடக்கிக்கொண்டேன்.

"அவர் எதற்கு மகாராஜா?" என்றது மருதப்பிள்ளையின் குரல். "அவருக்குப் பேரிக்காய்க்கும் கொய்யாக்காய்க்கும் வித்தியாசம் தெரியாது. போன மாதம் கொய்யா மரத்தடியில் நின்று, பேரிக்காய் ஏன் இப்படிச் சிறுத்துவிட்டது என்று அழுதார்."

"பொய்!" என்று கத்தினேன். "எவனடா அப்படிச் சொன்னது?"

குவியல் சரிந்தது. தலையில் கூடையோடு நான் நின்றேன். பொறுக்கமாட்டேன் என்று தெரிந்துதான் அந்த மனுஷன் பேசியிருக்கிறார். அது எனக்கு விளங்கச் சில நாளாயிற்று.

ராஜாவின் கை வாளுக்குப் போனது. "என்ன மோசடி இது?"

மருதப்பிள்ளை கைகட்டி நின்றார். "கோடு ஏற வேண்டும் என்றீர்கள், மகாராஜா. இத்தனை நாள் வைக்கோல் ஏற்றியது. இந்த ஆண்டு இவர் ஏற்றினார். அடுத்த ஆண்டு இவர் உயரம் போதாது. இவர் தோளில் அமைச்சர் உட்கார வேண்டும்."

"அதற்கடுத்த ஆண்டு?"

"அமைச்சர் தோளில் மகாராஜாதான். தங்களுக்கு மேலே வேறு யாரை வைப்பது?"

ராஜா முறைத்தார். பிறகு என் கூடையைப் பார்த்தார். சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். கோடுகளுக்கு மேல் சுண்ணாம்பு அடிக்கச் சொன்னார். மரங்கள் பிழைத்தன. காப்பு மருதப்பிள்ளைக்குப் போனது. நான் உட்கார்ந்து நசுக்கிய காய்கள் எனக்கு வந்தன.

இப்போதெல்லாம் குவியல் முழங்கால் உயரம் இருந்தாலும் ராஜா கோபிப்பதில்லை. கைத்தடியால் அதில் ஒரு குத்துக் குத்துகிறார்.

"மணியக்காரரே, உள்ளே இருக்கிறீரா?"

நான் அவர் பக்கத்தில்தான் நிற்கிறேன்.