மொந்தன் சுட்ட அன்னாசி

சடைச்சி என்ற கருமந்தி நான்கு நாளாக எதையும் தின்னவில்லை. காய்ச்சல் விட்டுவிட்டது. ஆனால் வாய் கசந்துபோய்க் கிடந்தது. அத்திப்பழத்தைக் கண்டாலே முகத்தைத் திருப்பிக்கொண்டது. அதன் மார்பைக் கட்டிக்கொண்டிருந்த குட்டிக்குப் பால் போதவில்லை. குட்டி சிணுங்கிக்கொண்டே இருந்தது.

மொந்தன் என்ற கரடியால் இதைப் பார்த்துக்கொண்டு இருக்க முடியவில்லை. தன் கனத்த உடம்புக்கு எட்டாத நுனிக்கொம்பை உலுக்கி, தனக்கு நாவல்பழம் உதிர்த்துப் போடும் தோழி அல்லவா சடைச்சி!

"தங்கச்சி! நீ பேசாமப் படு. அண்ணன் ஒண்ணு செஞ்சு கொண்டுவரேன்!"

"என்னண்ணே செய்யப்போறே? எனக்கு..." என்று சடைச்சி வாயெடுப்பதற்குள் மொந்தன் ஓடியே போய்விட்டது.

காட்டோரத்தில் யாரோ கைவிட்ட தோட்டத்தில் அன்னாசி பழுத்துக் கிடந்தது. மொந்தன் இரண்டு பழங்களைப் பறித்து நகத்தால் தோல் சீவிக்கொண்டது. தேனெடுக்க வந்தவர்கள் ஆற்றுப்பாறையில் மூட்டிய தீ இன்னும் கனன்றுகொண்டிருந்தது. அவர்கள் ஒரு பெரிய தேனடையை அங்கேயே மறந்துவிட்டுப் போய்விட்டார்கள். மொந்தனுக்கு நெருப்பு என்றால் குலைநடுக்கம். ஆனாலும் குட்டியின் அழுகை காதிலேயே நின்றது. ஒவ்வோர் அடியாக எடுத்துவைத்துக் கிட்டே போனது.

"மொந்தா! நெருப்புக்கிட்ட உனக்கென்ன வேலை?" என்று கத்தியபடி வந்தது சிலுப்பி என்ற முள்ளம்பன்றி.

"சடைச்சிக்கு அன்னாசி சுடப்போறேன்!"

"கையாலயா? நல்லாத்தான் இருக்கு! இந்தா!"

சிலுப்பி உடம்பை ஓர் உதறு உதறியது. ஐந்தாறு முட்கள் விழுந்தன. மொந்தன் அவற்றில் அன்னாசித் துண்டுகளைக் குத்தித் தேனை ஊற்றிக் கனலில் காட்டியது. தேன் சொட்டியதும் குபீரென்று தீ எழுந்தது! துண்டுகள் கரியாகிவிட்டன. மொந்தனின் கைமுடியும் பொசுங்கிவிட்டது.

"ஐயோ, விடு மொந்தா!"

"விட மாட்டேன்!"

இரண்டாவது தடவை தேனில்லாமல் சுட்டது. திருப்பித் திருப்பிச் சுட்டதில் துண்டுகள் பொன்னிறமாயின. ஓரம் மட்டும் லேசாகக் கறுத்தது. வாசனை ஆற்றின் அக்கரை வரை போனது. தொட்டுக்கொள்ள ஓர் இலைத்தொன்னை நிறையத் தேன்!

சிலுப்பியும் பின்னால் வரச் சடைச்சியிடம் ஓடி, ஒரு துண்டைத் தேனில் முக்கியெடுத்து அதன் வாயில் திணித்தது மொந்தன். சடைச்சி ஒரு கடி கடித்தது. அடுத்த நொடியே குமட்டித் துப்பிவிட்டது.

"வேண்டாண்ணே! திகட்டுது!"

மொந்தன் அப்படியே உட்கார்ந்துவிட்டது. கண்ணில் நீர் முட்டியது.

"இதுக்குமேல இனிப்பா நான் எதைக் கொடுப்பேன், சிலுப்பி?"

"இனிப்பு வேணும்னு அவ சொன்னாளா?"

"இல்லை."

"நீ கேட்டியா?"

மொந்தன் தலையைக் குனிந்துகொண்டது. பிறகு மெல்லச் சடைச்சியின் பக்கம் திரும்பியது.

"உனக்கு என்ன வேணும், தங்கச்சி?"

"புளிப்பா, சுருக்குன்னு ஏதாவது நாக்குல பட்டாப் போதும்ணே. வாய் அப்படிக் கசக்குது. இனிப்பு பேருக்கு இருந்தாப் போதும்."

மொந்தன் எழுந்து ஓடியது. காட்டுப்புளியைக் கரைத்தது. கொடியில் தொங்கிய பச்சை மிளகைக் கல்லில் நசுக்கிப் போட்டது. தேனைச் சிறிதளவே விட்டுக் கலக்கியது. மீதி அன்னாசியையும் பக்குவமாகச் சுட்டெடுத்தது. சிலுப்பி கனல்மேல் தண்ணீரைத் தெளித்து அணைத்தது.

இந்தத் தடவை மொந்தன் ஊட்டவில்லை. தொன்னையை முன்னால் வைத்துவிட்டுத் தள்ளி உட்கார்ந்தது. சடைச்சி ஒரு துண்டைத் தொட்டு நக்கியது.

"ஸ்ஸ்... ஆ!"

அதற்குக் கண்ணில் நீர் வந்தது. மூக்கும் ஒழுகியது. ஆனால் கை அடுத்த துண்டுக்குப் போனது. அதற்கும் அடுத்ததற்குப் போனது. கடைசியில் தொன்னையையே வழித்து நக்கிவிட்டது!

மறுநாள் மதியம் குட்டி வயிறாரக் குடித்துவிட்டுத் தூங்கியது. சடைச்சி மொந்தனின் கையை மடியில் இழுத்து வைத்துக்கொண்டு, பொசுங்கிய முடிகளை ஒவ்வொன்றாகக் கிள்ளி எடுத்தது.

"வலிக்குதாண்ணே?"

"வலிக்கலை. நீ எடு."

நம் அன்பு எவ்வளவு பெரிதாக இருந்தாலும், எதிரில் இருப்பவருக்கு என்ன வேண்டும் என்று கேட்டுச் செய்தால்தான் அது அவரைப் போய்ச் சேரும்.