பல்லியின் வாயும் கெட்டிமேளமும்

அந்தக் காலத்தில் பல்லியும் நம்மைப் போலவே பேசும். சுவரில் ஒட்டிக்கொண்டு வீட்டுச் சங்கதி எல்லாவற்றையும் கேட்கும். கேட்டதை அப்படியே சொல்லும். பொய் அதற்குத் தெரியாது. எதை எப்போது சொல்ல வேண்டும் என்பதும் தெரியாது. அதுதான் தொல்லை.

அப்போதெல்லாம் தாலி கட்டும் நேரத்தில் மேளத்தை நிறுத்திவிடுவார்கள். பந்தலில் மூச்சுச் சத்தம்கூட இருக்காது. அந்த நேரம் பார்த்துத்தான் பல்லி வாயைத் திறக்கும்.

பாவாயி என்ற பெண்ணுக்கு இதனாலேயே இரண்டு கல்யாணம் நின்றுபோயிருந்தது. முதல் தடவை, பாயசம் வெறும் தண்ணீர் என்று மாப்பிள்ளையின் அம்மா முணுமுணுத்ததைப் பல்லி சபையில் போட்டு உடைத்தது. பெண் வீட்டார் கொதித்துப் போனார்கள். அடுத்த தடவை, பெண்ணுக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும் என்றது. அது உண்மைதான். மாப்பிள்ளை மாலையைக் கழற்றி வைத்துவிட்டுப் போய்விட்டான்.

மூன்றாவதாக வந்தவன் செங்கோடன். பெண் பார்க்க வந்த அன்று, மோரில் உப்பு அதிகம் என்று அவளிடமே சொல்லிவிட்டு, ஒரு சொட்டு மிச்சம் வைக்காமல் குடித்தவன். பாவாயிக்கு அவனை ரொம்பப் பிடித்துப்போயிற்று. இந்தக் கல்யாணமும் நின்றால் இனி மணவறை ஏறுவதில்லை என்று முடிவு செய்திருந்தாள்.

முகூர்த்தம் வந்தது. மேளம் நின்றது. செங்கோடன் தாலியைக் கையில் எடுத்தான். பந்தல்காலில் இருந்த பல்லி தொண்டையைச் செருமியது. தலைகுனிந்து இருக்க வேண்டிய பாவாயி நிமிர்ந்து, வாயைத் திறந்தால் தெரியும் சேதி என்பதுபோல, ஆள்காட்டி விரலை நீட்டிப் பல்லியைப் பார்த்து ஆட்டினாள்.

பந்தல்காலுக்குக் கீழே தவிலோடு உட்கார்ந்திருந்தவர் மாரப்பன். கல்யாணப் பெண் தன்னைத்தான் அடிக்கச் சொல்கிறாள் என்று நினைத்துக்கொண்டார். இரண்டு கையாலும் வெளுத்து வாங்கினார். நாகசுரக்காரரும் சேர்ந்துகொண்டார். பல்லி சொல்ல வந்ததைக் கத்திக் கத்திச் சொல்லிப் பார்த்தது; ஒருவர் காதிலும் விழவில்லை. அதற்குள் மூன்று முடிச்சும் விழுந்துவிட்டது. மேளம் ஓய்ந்தபோது பல்லியின் தொண்டை ஒரேயடியாகக் கட்டிப்போய், 'ச்சு ச்சு' என்ற சத்தம்தான் வந்தது.

சாயங்காலம் செங்கோடன் கேட்டான்: "பல்லி என்னமோ சொல்ல வந்துச்சே. உன்னையப் பத்தியா, என்னையப் பத்தியா?"

"யாருக்குத் தெரியுமுங்க? இனி நாம கூட இருந்துதான் தெரிஞ்சுக்கோணும்" என்றாள் பாவாயி.

அன்று முதல்தான் தாலி ஏறும் நேரத்தில் யாராவது ஒருவர் விரலை ஆட்ட, கெட்டிமேளம் கொட்டுகிறது. பல்லியும் அன்று யார் காதிலும் விழாத சேதியை இன்னும் சுவரில் இருந்து சொல்லிக்கொண்டுதான் இருக்கிறது. நாம்தான் அது புரியாமல் பஞ்சாங்கத்தைப் புரட்டிப் பலன் பார்த்துக்கொண்டிருக்கிறோம்.