வானத்து வளையம் கேட்ட சொல்

முன்னொரு காலத்தில், வானத்தில் நிலா மூன்று இருந்தபோது, மகுடவர்மன் என்று ஒரு ராஜா ஆண்டான். நாட்டின் பேர் எதற்கு, நாம் என்ன அங்கே குடிபோகப் போகிறோமா? ஒரு நாள் மூன்றாவது நிலா படீரென்று வெடித்தது. அதிலிருந்து பெரிய வளையம் ஒன்று வந்து அரண்மனை முற்றத்தில் செங்குத்தாக நின்றது. கல்லா இரும்பா என்று யாருக்கும் தெரியவில்லை. தொட்டால் மண்பானைத் தண்ணீர் போலச் சில்லென்று இருந்தது.

அதற்கு ஒரு குணம் உண்டு. முடிசூடியவன் அதற்குள் நிற்பவருக்கோ அதன் வழியாகப் போனவருக்கோ ஒரு சொல் சொன்னால், எழுத்துப் பிசகாமல் அதை நடத்திவிடும். இது அரண்மனையில் ஒருவருக்கும் தெரியாது. தெரிந்திருந்தால் நான் எதற்குக் கதை சொல்லிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்?

ராஜாவுக்கு ஒரே தம்பி, இளவேள். அண்ணனும் தம்பியும் முற்றத்தில் ஆடுபுலி ஆட்டம் ஆடினார்கள். தம்பி தன் ஆடுகளை வைத்து அண்ணனின் புலியை அசைய விடாமல் கட்டிவிட்டான். கைதட்டிச் சிரித்துக்கொண்டே ஓடிப் போய் வளையத்துக்குள் நின்றான். தோற்ற ராஜாவுக்கு வந்ததே கோபம்! “போ! இனி என் முகத்தில் விழிக்காதே!” என்று கத்தினான். தம்பியைக் காணோம்.

நாலு வருஷம் ஓடிவிட்டது. ராஜா அந்தப் பலகையைக் கட்டில் பக்கத்திலேயே வைத்துக்கொண்டு, ஆட்டுக்கும் புலிக்கும் தானே காய் நகர்த்துவான். அரண்மனை நிறைய ஆள், பேச ஓர் ஆள் இல்லை. ‘அழைத்து வா’ என்று யாரிடமாவது சொல்லியிருக்கலாம். போ என்ற வாயால் வா என்பதா என்று ரோஷம். அதனால் ஒரு வீரனை வளையத்தில் நிறுத்தி, “அவன் இருக்கிறானா, போய்ப் பார்” என்றான். போனவன் போனவன்தான். இன்னொருவனிடம், “போய்த் தேடு” என்றான். அவனும் வரவில்லை.

அரண்மனை விகடகவி மருதக்கூத்தன். ராஜா சிரித்தால் அவனிடம்தான் சிரிப்பான். அமைச்சர் ஆலகண்டருக்கு அது வயிற்றெரிச்சல்.

ஒரு நாள் சபையில் அவர் எழுந்தார். “அரசே, அடுத்துக் கூத்தனை அனுப்பலாம். மனைவி இறந்து பன்னிரண்டு வருஷம் ஆகிறது. பிள்ளை குட்டி கிடையாது. திரும்பாவிட்டால் அழக்கூட ஒரு நாதி இல்லை.”

சபை சிரித்தது. ஊரையே சிரிக்க வைக்கிறவன் அன்றைக்குச் சிரிக்கவில்லை.

“கூத்தா, நீ போ” என்றான் ராஜா.

கூத்தன் கும்பிட்டான். நேரே வீட்டுக்குப் போனான், உலை வைத்தான், சோறு தின்றான். காவலர்கள் வந்து இழுத்துக்கொண்டு போனார்கள்.

“என்ன துணிச்சல் உனக்கு!”

“போகச் சொன்னீர்கள், போனேன். எங்கே என்று சொல்லவில்லையே, அரசே!”

“வளையத்துக்குள் போ!”

போய் நின்றான். அமைச்சர் அவசரப்பட்டார். “ம், சொல்லுங்கள் அரசே. ‘போ’ என்று ஒரு சொல்.”

“ஒரு நிமிஷம்” என்றான் கூத்தன். “பார் என்றீர்கள், ஒருவன் பார்த்துக்கொண்டே இருக்கிறான் போல. தேடு என்றீர்கள், ஒருவன் தேடிக்கொண்டே இருக்கிறான். வரச் சொல்லி யாரை அனுப்பினீர்கள்? என்னை ‘போய் வா’ என்று சொல்லி அனுப்புங்கள்.”

“அது வீட்டு மனிதர் சொல்லும் சொல்” என்று சீறினார் ஆலகண்டர். “அரசர் கட்டளையிடுவார், வழியனுப்ப மாட்டார்!”

கூத்தன் ராஜாவை மட்டும் பார்த்தான். “கடைத்தெருவுக்குப் போனாக்கூட என் பொஞ்சாதி ‘போயிட்டு வா’ம்பா, அரசே. அவ போனப்புறம் நான் பாட்டுக்குக் கதவைச் சாத்திட்டு வரேன். யாரும் சொல்றதில்லை. இன்னிக்கு ஒரு தடவை நீங்க சொல்லுங்க.”

ராஜாவின் வாய் திறந்தது. “போ…” என்றான். வளையம் மினுங்கத் தொடங்கியது. கூத்தனின் கால் மறைந்தது, இடுப்பு மறைந்தது. ராஜாவுக்குத் தம்பி போன நாள் கண்முன் வந்தது. “…ய் வா! கூத்தா, போய் வா!”

கூத்தன் மறைந்தான். கண் இமைத்துத் திறப்பதற்குள் அதே இடத்தில் நின்றான், தலையெல்லாம் வெள்ளை மணல்.

“அரசே, அந்தப் பக்கம் மணல், மணல், வெறும் மணல். மூன்று பேரும் பத்தடி தள்ளித் தள்ளி நிற்கிறார்கள்.”

“ஒருவரோடு ஒருவர் பேசுவதில்லையா?”

“பேசச் சொல்லி யாரும் அனுப்பவில்லையே!” என்றபடி கூத்தன் வெளியே வந்தான். “இளவரசரை நான் அழைத்துப் பார்த்தேன், அசையவில்லை. போ என்ற வாய்தான் வா என்று சொல்ல வேண்டும்.”

“அரசே, கௌரவம்…” என்று ஆரம்பித்தார் அமைச்சர்.

“நீர் சும்மா இரும்!” ராஜா வளையத்தின் முன்னால் போய் நின்றான். “எல்லாரும் வாங்க. வாடா, தம்பி.”

முதலில் ஒரு வீரன் கண்ணைக் கசக்கிக்கொண்டு வந்தான். இன்னொருவன் தரையைத் துழாவியபடி வந்தான். கடைசியில் இளவேள் வந்தான், முதுகைக் காட்டிக்கொண்டு, ஓர் அடி ஓர் அடியாகப் பின்னால் நடந்து வந்தான்.

“ஏண்டா இப்படி வர்ற?”

“உன் முகத்துல முழிக்காதேன்னு சொல்லிட்டியே, அண்ணா.”

ராஜா அழுதுவிட்டான். “முழிடா! திரும்பி என்னைப் பாருடா!”

தம்பி திரும்பினான். அண்ணனின் நரைத்த மீசையைப் பார்த்தான். “புலி இன்னும் கட்டுப்பட்டுத்தான் கிடக்கா?” என்று கேட்டான். ராஜா அழுதுகொண்டே சிரித்தான், அரண்மனை அதிரச் சிரித்தான். பிறகு அமைச்சர் பக்கம் திரும்பி, “ஆலகண்டரே, நீர் வளையத்துக்குள் போய்…” என்றான்.

“வா! வா! அதையும் சேர்த்துச் சொல்லுங்கள் அரசே!” என்று அமைச்சர் தூணைக் கட்டிக்கொண்டார். சபை வயிறு வலிக்கச் சிரித்தது.

ராஜா தன் முத்துமாலையைக் கழற்றிக் கூத்தன் கழுத்தில் போட்டான். “இன்னும் என்ன வேண்டும், கேள்.”

“சாயங்காலம் நான் வீட்டுக்குக் கிளம்பும்போது அந்தச் சொல்லைச் சொல்லுங்கள். அது போதும்.”

அன்று சாயங்காலம் அண்ணனும் தம்பியும் வாசல்வரை வந்தார்கள். “போயிட்டு வா, கூத்தா” என்றார்கள். “வரேன்” என்றான் கூத்தன். வீட்டில் பழைய இருட்டுத்தான் இருந்தது. விளக்கை ஏற்றினான், ஒற்றை இலை போட்டுச் சாப்பிட்டான், படுத்தான். மறுநாள் விடிவதற்கு முன்பே அரண்மனை வாசலில் போய் நின்றான்.

“என்ன கூத்தரே, இத்தனை சீக்கிரம்?” என்று கேட்டான் காவலன்.

“என்னப்பா செய்யறது? வரச் சொல்லியிருக்காங்களே!”