ஆறிப்போன சாப்பாடும் உப்பளத்து மைனாவும்

இந்தக் கதையில் ஒரு சிரிப்பு இருக்கிறது. இப்போது தரமாட்டேன். கடைசி வாய்ச் சோற்றுக்கு ஒதுக்கிய மீன் துண்டு மாதிரி ஓரமாக வைத்திருக்கிறேன்.

முன்னொரு காலத்தில் கடலோர நாடொன்றை மருதவழுதி என்ற ராஜா ஆண்டார். ஊர் நடுவர் என்ன ஆணை போட்டாலும், மேல்முறையீடு என்று தன்னிடம் வந்தால் மாற்றிவிடுவார். "நானாக இருந்தால் இப்படிச் செய்திருக்க மாட்டேன்" என்பார். காரணம் அவ்வளவுதான்.

அந்த நாட்டு உப்பளத்துக்குக் காத்தான் காவல். கண்ணுக்கெட்டிய வரை வெள்ளை உப்பு, பேச்சுத்துணைக்கு ஒரு மைனா. மனைவி குப்பாயி போய்ச் சேர்ந்த பிறகும் அவள் குரல் மைனாவிடம் இருந்தது. உச்சிவேளையானால், "ஆறிப்போகுது, வந்து சாப்பிடுங்க" என்று கூப்பிடும். அதற்குப் பிறகுதான் காத்தான் கஞ்சிக் கலயத்தைத் திறப்பார்.

"அது என் கூண்டிலிருந்து பறந்த மைனா" என்று வழக்குப் போட்டார் அரண்மனைப் பிரபு கோளரி. (இவர் பேச்சை மட்டும் மூக்கைப் பிடித்துக்கொண்டு படியுங்கள், சரியாக வரும்.)

நடுவர் இருவரையும் கேட்டார். "வழக்கு முடியும்வரை மைனா காத்தானிடமே இருக்கட்டும். இடம் மாறினால் புதுக்குரல் படிந்துவிடும். பிறகு காத்தானே ஜெயித்தாலும் பழைய குரலை யார் திருப்பித் தருவது?" என்று இடைக்கால ஆணை போட்டார்.

கோளரி ராஜாவிடம் ஓடினார். "என்னிடம் தங்கக் கூண்டு இருக்கிறது, மகாராஜா."

"தங்கமா? நானாக இருந்தால் அங்கேதான் வைத்திருப்பேன். சாப்பிட்டுவிட்டு ஆணையை மாற்றுகிறேன்."

பின்னாலேயே வந்த காத்தான் மைனாவை மார்போடு அணைத்தபடி நின்றார். "போற இடத்துல இந்தப் பேச்சை மறந்துடும், மகாராசா. அப்புறம் என்னைச் சாப்பிடக் கூப்பிட யாரு இருக்கா?"

ராஜா காதில் வாங்கவில்லை. நீண்ட கூடத்தில் ஒற்றை இலை விழுந்தது. ராஜாவோடு யாரும் உட்கார்ந்து உண்ணக்கூடாது என்பது அந்த நாட்டு வழக்கம். ஒருவர் ருசி பார்த்து, விஷமில்லை என்ற பிறகே ராஜா கை வைப்பார். அன்று ருசி பார்க்க மந்திரி சாத்தனாரே முன்னால் வந்தார்.

மீன்குழம்பைத் தொட்டு நாக்கில் வைத்தார். "விஷமில்லை. ஆனால் நானாக இருந்தால் புளியைக் குறைத்திருப்பேன். எடுத்துப் போங்கள்."

புதுக் குழம்பு வந்தது. "நல்ல குழம்புதான். நானாக இருந்தால் மிளகு கூட்டியிருப்பேன்."

அதுவும் போயிற்று. "நானாக இருந்தால் மீனே போட்டிருக்க மாட்டேன்" என்று கோளரியும் சேர்ந்துகொண்டார். ராஜாவின் வயிறு கூடமெல்லாம் கேட்கும்படி உறுமியது. சோறு ஆறியே போயிற்று.

"சாத்தனாரே, விஷம் இருக்கிறதா என்று பார்ப்பதுதான் உம் வேலை. சமைத்தவர் கைப்பக்குவத்தில் உம் நாக்கை எதற்கு நுழைக்கிறீர்?"

 மந்திரி கைகட்டிக்கொண்டு காத்தானைப் பார்த்தார்.  அப்போது மைனா வாய் திறந்தது.

"ஆறிப்போகுது, வந்து சாப்பிடுங்க."

ராஜாவைப் பிறந்தது முதல் யாரும் அப்படிக் கூப்பிட்டதில்லை. மைனாவைப் பார்த்தார். தன் ஒற்றை இலையைப் பார்த்தார். பிறகு மெதுவாகத் திரும்பினார்.

"கோளரி, நடுவர் போட்ட ஆணையில் விஷம் ஏதாவது உண்டா?"

"விஷமெல்லாம்... இல்லை, மகாராஜா."

"அப்புறம் என் நாக்கை எதற்கு அதில் இழுத்துவிட்டீர்?"

சொல்லி முடித்ததும் ராஜாவுக்குச் சிரிப்பு வந்தது. நான் ஒதுக்கி வைத்தது இதுதான். முதலில் தனியாகச் சிரித்தார், பிறகு கூடமே சிரித்தது.

"இன்னோர் இலை போடுங்கள்," என்றார் ராஜா, காத்தானைக் கைகாட்டி. "கோளரிக்கு இல்லை."