செண்பகத்தின் கதவு

கதையை நான் சொல்கிறேன், தீர்ப்பை நீங்கள் சொல்லுங்கள்.

பாளையங்கோட்டையில் ஆவுடையப்பனுக்குச் சொந்தமாக ஒரு மாடி வீடு, வாடகைக்கு விட்டிருந்தார். அவர் இருப்பதோ மஸ்கட்டில். கதவுகளுக்கெல்லாம் செல்போனில் திறக்கும் பூட்டைப் போட்டுவிட்டு, அங்கிருந்தபடியே ஆட்சி நடத்தினார். மாடியில் ஒருநாள் குழாய் ஒழுக, பிளம்பரை அனுப்பி, சொல்லாமல் கொள்ளாமல் கதவையும் திறந்துவிட்டார். உள்ளே தனியாகக் குடியிருந்த செண்பகம் தூங்கிக்கொண்டிருந்தாள். கண் விழித்தால் எதிரே முன்பின் தெரியாத ஆள். அவள் போனில் போட்ட சத்தத்தில் ஆவுடையப்பன் ஆடிப்போனார்.

"என் பிள்ள மேல சத்தியம்மா. இனி உன்னக் கேக்காம உன் கதவ நான் திறக்க மாட்டேன்."

பிறகு கொரோனா வந்தது. செண்பகம் ஓர் அறக்கட்டளைக்காக வீடு வீடாக ஆக்சிஜன் மெஷின் கொண்டுபோய்க் கொடுத்தாள். ஒரு மெஷின் அவள் வீட்டில் இருக்கும்போதே அவளுக்கும் காய்ச்சல் கண்டு, ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். அவள் போன் அணைந்துபோனது.

அந்த நேரம் பார்த்துத்தான் கீழ்வீட்டு ஜெபசிங்கின் மனைவி கிரேஸுக்கு மூச்சு இழுக்கத் தொடங்கியது. அதற்குள் ஆஸ்பத்திரிகள் நிரம்பிவிட்டன. மாடியில் இருந்த மெஷினை அறக்கட்டளையில் கேட்டால், "மெஷின எடுத்துக்கோங்க, கதவுக்கு நாங்க பொறுப்பில்ல" என்றார்கள். ஜெபசிங் மஸ்கட்டுக்குப் போன் போட்டார்.

"அண்ணாச்சி, மாடிக் கதவத் திறந்துவிடுங்க. கிரேஸ் மூச்சு விட முடியாமத் தவிக்கா."

"பிள்ள மேல சத்தியம் பண்ணிட்டேன்டே. அவனும் இங்க காய்ச்சல்ல கெடக்கான். நான் எப்படித் திறப்பேன்? நீ கதவ உடச்சிக்க. புதுசு போட்டுக்கிடுதேன்."

போனில் விரல் பட்டால் திறக்கும் கதவைக் கடப்பாரையால் உடைத்தார் ஜெபசிங். மெஷினை மட்டும் தூக்கிக்கொண்டு இறங்கினார். கிரேஸின் மூச்சு சீரானதும் மறுபடி மாடி ஏறி, பெயர்ந்த கதவை நிமிர்த்தி, இரும்புக் கொண்டி அடித்தார். ஊரடங்கில் கடைகள் மூடிக் கிடந்தன, பூட்டு வாங்க வழியில்லை. எதிரில் இருந்த தன் கடைப் பூட்டையே கழற்றிவந்து மாட்டினார். சாவி இரண்டையும் செண்பகத்துக்குச் சாப்பாடு கொண்டுபோனவரிடம் கொடுத்தனுப்பினார்.

கிரேஸ் பிழைத்தாள். மஸ்கட் பையனும் தேறிவிட்டான். சத்தியத்தைக் காத்ததால்தான் பிள்ளை பிழைத்தான் என்று ஆவுடையப்பன் இன்றும் சொல்கிறார்.

இப்போது சொல்லுங்கள்: செண்பகத்துக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றியவர் யார்?

விடை: ஜெபசிங். அவர் வாக்கே கொடுக்கவில்லையே என்பீர்கள். உண்மைதான். ஆவுடையப்பன் தன் பிள்ளையை நினைத்தார். பெற்ற மனம், அவர்மேல் எனக்குக் கோபமில்லை. ஆனால் தனக்குத் தெரியாமல் எவரும் உள்ளே வரக் கூடாது என்றுதான் செண்பகம் அன்று சத்தம் போட்டாள். போனில் திறந்திருந்தால் அந்தக் கதவைத் திரும்பப் பூட்டவும் முடிந்திருக்கும். உடைக்கச் சொன்னவர் வாசலை ஊருக்கே திறந்துவிட்டார். உயிரைக் காக்க ஒருமுறை உள்ளே போன ஜெபசிங், தன் கடையைத் திறந்துபோட்டு அவள் வீட்டைப் பூட்டினார். தன் கையில் ஒரு சாவிகூட வைத்துக்கொள்ளவில்லை.

செண்பகம் வீடு திரும்பியபோது, தச்சர் புதுக் கதவும் புது செல்போன் பூட்டுமாக வந்து நின்றார். அவள் மஸ்கட்டுக்குப் போன் செய்தாள்.

"அண்ணாச்சி, கதவ மட்டும் மாட்டச் சொல்லுங்க. பூட்டு எங்கிட்ட இருக்கு."