உச்சிவேளையில் நறுக்கும் சத்தம்

செம்மணல் தேரிக்காட்டின் ஓரத்தில் இரண்டு ஓலைக் கொட்டகையும் ஒரு கிணறும். அங்கே இருந்தவரைக் குழைக்காதர் சாமி என்பார்கள். வயது நாற்பத்து நாலு. சாமியாகும் முன்பு பஸ்ஸில் கண்டக்டர். துறந்ததில் எல்லாம் போனது, குரல் மட்டும் போகவில்லை. மெல்லப் பேசினாலும் கடைசி சீட்டுக்குக் கேட்கும்.

அவரிடம் பதினோரு வருஷமாக வந்து போகிறவள் வடிவாம்பாள். பள்ளிக்கூடத்தில் தையல் டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவள். சாமியைவிடப் பதினெட்டு வயது மூத்தவள். அவர் அவளை டீச்சரம்மா என்பார். அவள் அவரைச் சாமி என்பாள். சீடர் என்று அவருக்கு வேறு யாரும் இல்லை.

ஒரு திங்கட்கிழமை வந்தபோது செருப்பைக் கழற்றவும் மறந்து உள்ளே நுழைந்துவிட்டாள்.

"சாமி, என் வீட்டு அடுப்படியில ஆளு இருக்கு."

"யாரு?"

"என் மகன்."

சாமி கல் பொறுக்கிக்கொண்டிருந்த அரிசி முறத்தைக் கீழே வைத்தார்.

அவள் மகன் நெல்லையப்பன் செத்து மூன்றாவது மாதம் நடந்துகொண்டிருந்தது. அமெரிக்காவில், அரிசோனா பக்கம் வேலை பார்த்தான். ஒரு சனிக்கிழமை மலையில் நடக்கத் தனியாகப் போனவன் வழி தவறிவிட்டான். கையில் இருந்த தண்ணீர் தீர்ந்துவிட்டது. மூன்றாம் நாள்தான் கண்டுபிடித்தார்கள். அங்கேயே எரித்துச் சாம்பலை ஒரு சிநேகிதன் கொண்டுவந்து கொடுத்தான். திருச்செந்தூர்க் கடலில் அதைக் கரைத்தபோது சாமியும் இடுப்பளவு தண்ணீரில் கூட நின்றார்.

"கண்ணால பாத்தீங்களா?"

"இல்ல. சத்தம்தான். பதினாறு கழிஞ்ச மறுநாள்ல இருந்து. உச்சிக்கு உச்சி, மணி பன்னெண்டு அடிச்சா ஆரம்பிச்சிரும். பலகையில கத்தி வச்சு நறுக்குத சத்தம். என் வீட்டுல பலகையும் கிடையாது, கத்தியும் கிடையாது சாமி. அரிவாமனைதான்."

"போய்ப் பாத்தா?"

"நின்னுரும். திரும்பி நடையைத் தாண்டுனா மறுபடியும் கேக்கும்."

அவள் சேலைத் தலைப்பை விரலில் சுற்றினாள், அவிழ்த்தாள், மறுபடி சுற்றினாள்.

"வெள்ளிக்கிழமை கோடாங்கியைக் கூட்டிட்டு வாரேன்னு கொழுந்தனார் சொல்லுதாரு. உடுக்கடிச்சா அது ஊர் எல்லை தாண்டிரும், பெறகு திரும்பாதாம். எனக்கு ராத்திரி தூக்கம் இல்ல, பகல்ல அடுப்புப் பத்தவைக்கத் தைரியம் இல்ல. ஆனா அவன் என் புள்ளைல்லா? விரட்டவா சாமி, வச்சுக்கிடவா? ஒரு வார்த்தை சொல்லுங்க."

"என்ன நறுக்குதான்?" என்றார் சாமி.

வடிவாம்பாள் அவரையே பார்த்தாள்.

"எனக்கு எப்படித் தெரியும்?"

"ரெண்டு மாசமா கேக்கீங்க."

"பயத்துல காதைப் பொத்திக்கிட்டு உக்காந்திருப்பேன்."

"பொத்தாம கேட்டுட்டு வாங்க."

அவ்வளவுதான். சாமி முறத்தை எடுத்துக்கொண்டார். அரிசியில் கல் பொறுக்கும் சத்தம் கேட்டது. அவளுக்குக் கோபமும் அழுகையும் ஒன்றாக வந்தன. ஆனாலும் போனாள்.

செவ்வாய்க்கிழமை பன்னிரண்டு மணிக்குக் கூடத்தில் உட்கார்ந்தாள். அடுப்படிக்கு முதுகைக் காட்டி, இரண்டு கையையும் மடியில் வைத்துக்கொண்டாள். தெருவில் ஒரு சைக்கிள் போயிற்று. அதற்குப் பிறகு ஒன்றும் இல்லை. பக்கத்து வீட்டு ரேடியோகூட ஓய்ந்துவிட்டது. முதுகுக்குப் பின்னால் ஆரம்பித்தது. தக், தக், தக். அவசரம் இல்லாத கை. நடுவில் ஒரு முறை நின்றது. நறுக்கியதை ஓரமாகத் தள்ளுகிற மாதிரி ஓர் உரசல். பிறகு மறுபடி தக், தக். அவள் கழுத்து மயிரெல்லாம் குத்திட்டு நின்றது. காதை மட்டும் பொத்தவில்லை.

வெங்காயம் இல்லை, வெங்காயம் இவ்வளவு நேரம் ஆகாது. வாழைக்காய் என்றால் கத்தி வழுக்கும். இன்னது என்று பிடிபடுவதற்குள் நின்றுவிட்டது.

புதன்கிழமை நாற்காலியை அடுப்படி வாசல் வரைக்கும் இழுத்துப் போட்டு, உள்ளே பார்க்காமல் உட்கார்ந்தாள். அன்று தெரிந்தது. ஒவ்வொரு தக் சத்தத்துக்கு முன்னாலும் ஒரு சின்ன நறநறப்பு. அடுக்கடுக்காக இருக்கிற ஒன்றுக்குள் கத்தி இறங்குகிற சத்தம். தெரிந்த அந்த நிமிஷம் அவள் வாயைப் பொத்திக்கொண்டாள்.

வியாழக்கிழமை காலை பத்து மணிக்கெல்லாம் கொட்டகைக்கு வந்துவிட்டாள். கையில் கனமான பை.

"கோசு சாமி."

"முட்டைக்கோசா?"

"ஆமா. அவன் சாகிறதுக்கு ஆறு நாள் முந்தி போன்ல பேசி அனுப்பியிருந்தான். அந்த ஊர்ல கோசை அவிக்காம பச்சையாவே ஒண்ணு செய்வாங்களாம், கோல்ஸ்லாவாம். என்னையும் செஞ்சு பாக்கச் சொன்னான். அவன் போன பெறகு நான் அதைப் போட்டுக் கேக்கல. என்னால முடியல."

பையைக் கவிழ்த்தாள். கோசு உருண்டது. இரண்டு சோளக்கதிர், வெங்காயம், பச்சை மிளகாய், மல்லித்தழை, எலுமிச்சங்காய், சீரகம், மிளகாய் வற்றல், துணியில் கட்டித் தொங்கவிட்டு வடித்த தயிர்.

"காயெல்லாம் பஸ் ஸ்டாண்டுல வாங்கிட்டேன். வீட்டுல செய்யப் பயமா இருக்கு."

சாமி எழுந்து போய்க் கத்தியும் பலகையும் எடுத்து வந்தார். அடுப்பில் தணல் மூட்டினார்.

"போடுங்க."

வடிவாம்பாள் போனை மணலில் சாய்த்து வைத்து, விரலால் தொட்டாள்.

"ஏ அம்மா!" என்றான் நெல்லையப்பன்.

கிணற்றடியில் படுத்திருந்த நாய் எழுந்து, இரண்டு பேரையும் பார்த்துவிட்டு, திரும்பாமல் பனைகளுக்குள் போய்விட்டது.

"கேளு. கோசை நூலு நூலா நறுக்கணும். தடியா நறுக்குனா தொலைஞ்சது."

அவள் போனை நிறுத்திவிட்டு நறுக்கினாள். கத்தி பழகாத கை. சாமி உதவிக்கு வரவில்லை.

"உப்புப் போட்டுப் பிசறி வை. தண்ணி விடும். நல்லாப் பிழிஞ்சிரு."

பிழிந்தாள். அவ்வளவு தண்ணீர் அதற்குள் இருந்திருக்கும் என்று அவள் நினைக்கவில்லை. விரலிடுக்கு வழியாக வழிந்து செம்மணலில் விழுந்தது. விழுந்த இடம் உடனே காய்ந்தது. மணல் அதைக் குடித்த வேகத்தையே அவள் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சோளத்தைத் தணல்ல சுட்டு உதிர்த்துப் போடு. அங்கங்க கருகினா நல்லது. வெங்காயம், மல்லித்தழை. பச்ச மொளகா விதையோட. தயிர்ல எலுமிச்சங்காய் பிழி. சீரகத்தை வறுத்துப் பொடி. மொளகா வத்தல் ரெண்டைத் தணல்ல காட்டிப் பொடிச்சுப் போடு, பொக மணம் வரணும். இந்த ஊரு பாலைவனம்மா. இங்க உள்ளவங்க நம்மளை மாதிரி, உறைப்பு இல்லாட்டி சோறு எறங்காது. எல்லாத்தையும் கலந்து ஒரு மணி நேரம் ஊறவிடு. உடனே திங்காத."

போனை நிறுத்தி நிறுத்தி ஒவ்வொன்றாகச் செய்து, அவள் கலக்கத் தொடங்கினாள். அவன் சிரித்தான். சிரிப்போடு அவன் பேச்சு முடிந்தது. போனை அணைக்கும் முன்னே அடுத்தது தானாக ஓடிற்று. அது அவள் குரல். அவனுக்கு அவள் அனுப்பிய பதில்.

"பச்சக் கோசை ஆடு திங்கும், மனுசன் திம்பானால? போ, சோலியப் பாரு. நாளைக்குச் செய்யுதேன்."

அதற்கும் அவன் பதில் இருந்தது. "தின்னுட்டுச் சொல்லும்மா. காத்துக்கிட்டு இருப்பேன்."

வடிவாம்பாள் கலக்கிக்கொண்டிருந்த கையை எடுக்கவில்லை. தலையும் நிமிரவில்லை.

"நாளைக்கு, நாளைக்குன்னே இருந்துட்டேன் சாமி," என்றாள்.

சாமி சட்டியைத் தட்டால் மூடினார். காத்திருந்தார்கள்.

வெயில் ஏறிற்று. தேரி மணல் சிவந்து, பிறகு வெளுத்த மாதிரி ஆயிற்று. பனைகளின் நிழல் சுருங்கிச் சுருங்கி அதனதன் காலடியில் போய் ஒடுங்கியது. காற்று நின்றது. ஓலையில் ஒரு கீற்றுகூட அசையவில்லை.

கழுவிக் கவிழ்த்திருந்த பலகை அவர்களுக்கு முன்னால் கிடந்தது. அதன் மேல் கத்தி.

தக்.

வடிவாம்பாள் பலகையைப் பார்த்தாள். கத்தி அசையவில்லை.

தக், தக், தக்.

"வீட்டுலதான சாமி கேட்டுது. இங்கயும் வந்துட்டானே!" என்று சாமி பக்கம் நகர்ந்தாள்.

சாமி தலையைச் சாய்த்துக் கேட்டார்.

"கை பழகுன கை," என்றார். "சன்னமா நறுக்குதான்."

எழுந்து போனார். வாழை இலை நறுக்கி வந்து தண்ணீர் தெளித்துப் போட்டார். மூன்று இலை. அவள் எண்ணினாள். மூன்றாவதை அவளுக்கு இடது பக்கம் போட்டிருந்தார். சட்டியைத் திறந்து மூன்றிலும் பரிமாறினார். புகையும் எலுமிச்சையும் கலந்த மணம் எழுந்தது. சத்தம் நிற்கவில்லை. அவளுக்கு இடது பக்கத்தில், ஒரு முழத் தூரத்தில், அது நடந்துகொண்டே இருந்தது.

"சாப்பிடுங்க."

"இப்ப எறங்காது சாமி."

"சாப்பிடுங்க டீச்சரம்மா."

ஒரு பிடி எடுத்து வாயில் போட்டாள். கோசு பல்லில் நொறுங்கிற்று. முதலில் புளிப்பு. சோளத்தின் இனிப்பு. பிறகு உறைப்பு வந்தது. காது வரைக்கும் ஏறிற்று. மூக்கு ஒழுகியது, கண் ஒழுகியது. எது மிளகாய்க்கு, எது மகனுக்கு என்று பிரிக்க முடியவில்லை. இன்னொரு பிடி எடுத்தாள். அதற்கடுத்த பிடியை மென்றுகொண்டே இடது பக்கம் திரும்பி, யாரும் இல்லாத இடத்தைப் பார்த்துச் சொன்னாள்.

"நல்லாருக்குய்யா."

தக் என்று ஒன்று. அதோடு நின்றது.

அவள் மெல்லுவதை நிறுத்தினாள். அடுத்த சத்தத்துக்குக் காத்திருந்தாள். வரவில்லை. மணலும் வெயிலும்தான் இருந்தன. இரண்டு மாதமாக அவளை உறங்கவிடாத அந்தச் சத்தம் நின்ற இடத்தில் பெரிய பள்ளம் விழுந்த மாதிரி இருந்தது.

"சாமி, நின்னுபோச்சே!"

சாமி இலையைப் பார்த்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

"நான் விரட்டலையே சாமி. நல்லாருக்குன்னுதான சொன்னேன். போன்னு சொல்லலையே. போயிட்டானா? சொல்லுங்க சாமி, என் புள்ள எங்க?"

சாமி வாயில் இருந்ததை மென்று விழுங்கினார். அந்தக் குரலை முதல்முறையாக, பக்கத்தில் இருப்பவருக்கு மட்டும் கேட்கிற அளவுக்குத் தாழ்த்திக்கொண்டார்.

"சாப்பிடுற நேரத்துல யாராவது நறுக்குவாங்களா, டீச்சரம்மா?"